சந்தை நிறுத்தம்

"நீதான்டி எழுதிக் குடுத்துருக்கணும். நாத்தம் தாங்க முடியல, இவளத் தொரத்துங்கன்னு..."

"நான் இன்னாத்துக்கு எழுதிக் குடுக்கப் போறேன்? அந்த போர்டு கத்திரிக்காய்க்குப் பொருந்தாதுன்னா போட்டுருக்கு? எனக்குந்தான வயிறு..."

"போன வாரம் என்னப் பாத்து மூக்கப் பொத்தினியா இல்லியா?"

"தும்மல் வந்துச்சு, பொத்தினேன்! உன் மூஞ்சியிலயா தும்மச் சொல்ற?"

"மூக்கப் பொத்தின கையிதான் மனு எழுதியிருக்கும்!"

"ஏய், வாய அடக்கு. கரும்புக் கொல்லியில காம்ப்ளெக்ஸ் கட்டறானே, அதுல நீ சத்தமில்லாம கட புடிச்சிக்கினு, எங்கள ஏமாத்த இங்க வந்து ஒப்பாரி வெக்கற. எனக்குத் தெரியாதுன்னு நெனச்சிக்கினியா?"

முதலில் கத்தியவள் பனித்திட்டு சிந்தாமணி. இடுப்பில் மீன் கூடை, இறக்கி வைக்க மனசில்லாமல் அப்படியே இருந்தது. இன்னொருத்தி பாகூர்ப் பக்கத்துச் சின்னப்பிள்ளை. கரும்பும் நெல்லும் போடுகிற வீடு. வீட்டுக் கொல்லையில் காய்க்கிற கத்திரியையும் கீரையையும் கொண்டு வந்து விற்பாள். ஆலடி கூட்ரோட்டில் ஒரே பூவரச மரத்து நிழலைப் பங்கு போட்டுக்கொண்டு எத்தனையோ காலமாக உட்கார்ந்தவர்கள். அன்று விடிந்து பார்த்தால் மரத்துக்குப் பக்கத்தில் ஒரு கம்பம், கம்பத்தின் உச்சியில் நீலத் தகடு, தகட்டில் வெள்ளை எழுத்து:

சந்தை நிறுத்தம்.

கீழே பொடி எழுத்தில், 'ஊரக நகரமாக்கல் ஒருங்கிணைப்பு முகமை'.

இரண்டு பேருக்கும் எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரியும். வினை அங்கேதான் வந்தது.

கூட்ரோட்டுச் சந்தையை யாரும் தொடங்கி வைக்கவில்லை. பஸ் நின்றது, ஜனம் இறங்கியது. ஜனம் இறங்கிய இடத்தில் சிந்தாமணி கூடையை இறக்கினாள். மீன் இருக்கிறதே என்று ஜனம் அங்கேயே இறங்கியது. ஜனம் இறங்குகிறதே என்று பஸ் அங்கேயே நின்றது. எது முதலில் வந்தது என்று கேட்டால் யாருக்கும் சொல்லத் தெரியாது. கேட்டவரும் இல்லை.

சிந்தாமணியின் மகன் தமிழ்க்குமரன் விடியற்காலம் கரைக்குக் கொண்டு வருகிற மீனை அவள் உச்சிப் பொழுதுக்குள் இந்த மரத்தடியில் விற்றாக வேண்டும். விற்றால் உலை கொதிக்கும். இல்லையென்றால் வண்டிக்கார வியாபாரி அடிமாட்டு விலைக்குக் கேட்பான். அவளுக்கு இந்த மரத்தடி என்பது வேரும் நிழலும் மட்டும் இல்லை. வீடு நிற்கிற அடித்தளம்.

ஷேர் ஆட்டோ ஓட்டுகிற அரசு, வண்டியை ஓரம் கட்டினான். போர்டை அண்ணாந்து பார்த்தான்.

"இன்னாக்கா, சந்தைய நிறுத்திட்டாங்களா?"

"நீயும் அப்படித்தான படிக்கற?" என்றாள் சிந்தாமணி.

"வேற எப்படிப் படிக்கறது? மின் நிறுத்தம்னா கரண்டு இல்ல. வேலை நிறுத்தம்னா வேலை இல்ல. சந்தை நிறுத்தம்னா?"

அதற்குள் விசில் சத்தம் கேட்டது. பக்கிரி வந்துகொண்டிருந்தான். போன மாதம் வரைக்கும் இதே கூட்ரோட்டில் மூட்டை ஏற்றி இறக்கினவன். முகமையில் சேர்ந்து ஆரஞ்சு சட்டையும் விசிலும் வாங்கியிருந்தான். ஒழுங்கமைப்புத் தன்னார்வலர் என்பது அவனுடைய பதவி.

"பெரிம்மா, கூடயத் தூக்கிக்கினு கெளம்பு."

"ஏன்டா?"

"போர்டு."

"யாருடா நிறுத்தினது?"

"போர்டுதான்."

"உங்கிட்ட அதிகாரி யாருனா வந்து சொன்னாங்களா?"

"எங்கிட்ட யாரும் எதும் சொல்லல பெரிம்மா. விசிலக் குடுத்தாங்க. இன்னாத்துக்குன்னு சொல்லல. இன்னிக்குத்தான் வெளங்குச்சி."

வெளங்கிய மகிழ்ச்சியில் அவன் மறுபடியும் ஊதினான்.

சிந்தாமணி ஒரு முடிவுக்கு வந்தாள். வில்லியனூரில் இருக்கிற முகமை ஆபீசுக்கே போய்க் கேட்டுவிடுவது. சின்னப்பிள்ளையும் கூடவே கிளம்பினாள்.

"நீ எதுக்குடி வர்ற?"

"நீ தனியாப் போயி உனக்கு மட்டும் பேசி முடிச்சிக்கினு வந்துருவ."

ரெண்டு பேரும் பஸ்ஸில் ஒரே சீட்டில் உட்கார்ந்து, ஆளுக்கொரு பக்கம் பார்த்துக்கொண்டு போய்ச் சேர்ந்தார்கள்.

முகமை ஆபீஸ் ஒரு ஷாப்பிங் காம்ப்ளெக்சின் மாடியில் இருந்தது. வாசல் காவல்காரர் கூடையைக் கண்டதும் கையை நீட்டித் தடுத்தார்.

"உள்ள இன்னா?"

"மீனு சார்."

"இன்னா மீனு?"

"கவலை."

"கவலையெல்லாம் வெளிய வெச்சிட்டுத்தாம்மா உள்ள போவணும்."

வெளியே வைத்துவிட்டுப் போனாள். போகிற வழியெல்லாம் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனாள். கவலையை வெளியே வைத்துவிட்டுப் போனவர்களுக்கு உள்ளே போன பிறகும் நினைப்பு அதன் மேலேயேதான் இருக்கும்.

உள்ளே கலைவேந்தன் என்கிற அதிகாரி. முதுநிலைத் திட்ட இசைவாளர் என்று மேசையில் பெயர்ப்பலகை இருந்தது. யாரோடு யாரை இசைய வைக்கிறவர் என்று அதில் போடவில்லை. நல்ல மனிதர்தான். உட்காரச் சொன்னார். முழுவதையும் கேட்டார். கேட்டுவிட்டுச் சிரித்தார்.

"அம்மா, நிறுத்தம் என்றால் பேருந்து நிற்கும் இடம். ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் ஒரு பெயர் வேண்டும் அல்லவா? கோயில் நிறுத்தம், பள்ளிக்கூட நிறுத்தம், ஆஸ்பத்திரி நிறுத்தம்..."

"ஆஸ்பத்திரியையும் நிறுத்திட்டீங்களா?" என்றாள் சின்னப்பிள்ளை.

"எதையும் நிறுத்தவில்லை அம்மா. பேருந்துதான் நிற்கும்."

"அப்ப சந்தைய நிறுத்தலியா?" சிந்தாமணி பிடித்துக்கொண்டாள்.

"இல்லை."

"அந்த ஒரு வார்த்தைய பக்கிரிகிட்ட போன் போட்டு சொல்லிடுங்க சார். நாங்க பொழச்சிப் போறோம்."

கலைவேந்தன் பேனாவைக் கீழே வைத்தார். "அது முடியாதம்மா. நிறுத்தவில்லை என்று நாங்கள் சொன்னால், நிறுத்தும் உத்தேசம் இருந்தது என்று ஆகிவிடும். உத்தேசம் இருந்தது என்றால், உத்தேசித்தது யார் என்று மேலே கேட்பார்கள். இதுவரை நான் எதையும் உத்தேசித்ததில்லை. என் பணிக்காலம் முழுக்க அப்படித்தான் இருந்திருக்கிறேன்."

பிறகு சுவரில் இருந்த பெரிய திரையில் வரைபடத்தைப் போட்டார். மஞ்சள், பச்சை, ஊதா என்று கட்டம் கட்டமாக வந்தது. கூட்ரோட்டைத் தேடிக் கண்டுபிடித்தார். அங்கே ஒன்றும் இல்லை. வெறும் சாம்பல் நிறம்.

"நீங்கள் சொல்லும் இடத்தில் சந்தையே இல்லையே. சந்தை இதோ, இங்கே இருக்கிறது." ஊதாக் கட்டத்தைத் தொட்டார்.

சின்னப்பிள்ளை கண்ணைச் சுருக்கினாள். "அது எங்க மச்சாண்டார் கரும்பு போட்டுக்கினு இருந்த கொல்லியாச்சே?"

"இப்போது அது ஒருங்கிணைந்த வணிக, உணவு, போக்குவரத்து மையம்."

"அங்க பஸ்ஸே போவாதே சார்."

"போகும். மக்கள் போக ஆரம்பித்ததும்."

"மக்கள் எப்ப போவாங்க?"

"பேருந்து போக ஆரம்பித்ததும்."

"அதுவரிக்கும்?"

"அதுவரை கட்டடம் இருக்கும்."

சொல்லி முடித்தவர் திடீரென்று நிமிர்ந்து உட்கார்ந்தார். முகத்தில் இருந்த சிரிப்பு போய்ச் சந்தேகம் வந்துவிட்டது.

"அது சரி. சந்தையே இல்லாத இடத்துக்குச் சந்தை என்று பெயர் வைத்தது யார்?"

போக்குவரத்துப் பிரிவுக்குப் போன் போட்டார். அந்தப் பக்கம் என்ன சொன்னார்களோ, "டிரைவர்கள் அப்படிச் சொல்கிறார்கள் என்றால் அது ஆதாரமாகுமா?" என்று கேட்டார். கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தார். போனை வைத்தார்.

"கவலைப்படாதீர்கள். நேரில் வந்து பார்க்கிறோம். சந்தை இருந்தால் இருக்கிறது என்று எழுதிவிடுவோம். இல்லை என்றால் இல்லை. நேர்மையாக நடப்போம்."

மாடிப்படி இறங்கும்போது சிந்தாமணி சின்னப்பிள்ளையின் கையைப் பிடித்தாள்.

"ஏன்மே, இவன் சிரிச்சிக்கினு இருந்தப்ப நல்லா இருந்துச்சு. நேர்மைன்னு ஆரம்பிச்சதும் எனக்கு நம்பிக்க போயிருச்சி."

"எனக்குந்தான். நாம வராமயே இருந்துருக்கலாமோ?"

"நீ எதுக்கு நாமன்ற? நீ என்ன நம்பாமத்தான வந்த."

முகமை வருகிறது என்று கூட்ரோடு முழுக்கச் செய்தி பரவிவிட்டது. பக்கிரிக்கு அது பெரிய நாள். பெரியவர்கள் வரும்போது இடம் சுத்தமாக இருக்க வேண்டும் என்று அவனாகவே தீர்மானித்து, காலையிலேயே விசில் ஊதி எல்லாரையும் விரட்டிவிட்டான். பூக்காரி, பழக்காரர், முறுக்கு விற்கிறவர் என்று ஒருவரும் மிஞ்சவில்லை. சிந்தாமணியும் சின்னப்பிள்ளையும் அரசுவின் ஆட்டோவுக்குள் கூடைகளோடு பதுங்கிக்கொண்டார்கள்.

கார் வந்தது. கலைவேந்தனும், குடை பிடிக்க ஒருவரும், படம் எடுக்க ஒருவரும், படத்தில் நிற்க இரண்டு பேரும் இறங்கினார்கள். சுற்றும் முற்றும் பார்த்தார்கள். பூவரச மரம் இருந்தது. போர்டு இருந்தது.

"சந்தை எங்கே?" என்றார் கலைவேந்தன்.

"இல்ல சார். சுத்தமா இல்ல," என்றான் பக்கிரி, மார்பை விரித்துக்கொண்டு.

சிந்தாமணியால் அதற்கு மேல் பொறுக்க முடியவில்லை. ஆட்டோவிலிருந்து குதித்து, கூடையை மரத்தடியில் இறக்கி, மூடியிருந்த சாக்கை உருவினாள்.

"தோ பாருங்க சார், சந்த!"

கலைவேந்தன் குனிந்து பார்த்தார். "அம்மா, இது மீன். சந்தை என்றால் விற்பவர் வேண்டும், வாங்குபவர் வேண்டும், அவர்கள் வந்து போகப் போக்குவரத்து வேண்டும். மூன்றும் ஒரே நேரத்தில் இருக்க வேண்டும்."

சொல்லி வாய் மூடவில்லை, பஸ் வந்து நின்றது. ஜனம் திமுதிமுவென்று இறங்கியது. மீன் கூடையைப் பார்த்ததும் ஒரு கூட்டம் பையை விரித்துக்கொண்டு நெருங்கியது. "காரப்பொடி மீனு இருக்காக்கா?" என்று ஒரு குரல் கேட்டது. "கவலை போடு, பெருசாப் போடு," என்று இன்னொன்று. சிந்தாமணியின் முகம் மலர்ந்தது. மூன்றும் ஒரே நேரத்தில்!

பக்கிரி விசிலை ஊதினான். மூச்சு முட்ட ஊதினான். கூட்டம் நாலா பக்கமும் சிதறி ஓடியது.

குடை பிடித்தவரிடம் குடையைத் தாழ்த்தச் சொல்லிவிட்டு, கலைவேந்தன் படத்தில் நிற்க வந்தவர்களில் ஒருவரிடம் சொன்னார்: "குறித்துக்கொள்ளுங்கள். சந்தை எதுவும் காணப்படவில்லை. ஆனால் இந்த இடத்தில் மக்கள் ஏராளமாக இறங்குகிறார்கள். இறங்கி, எந்தக் காரணமும் இல்லாமல் ஓடுகிறார்கள்."

"சார், அவன் ஊதினதாலதான்..." என்று ஆரம்பித்தாள் சிந்தாமணி.

"உணர்ச்சிவசப்படாதீர்கள் அம்மா. குழப்பத்துக்குக் காரணம் அந்தப் போர்டுதான். அதை நாங்களே திருத்தித் தருகிறோம். இனி யாரும் சந்தையை நிறுத்தியதாகப் படிக்க முடியாது."

சொன்ன சொல் தவறாதவர். வேறு தகடு வந்தது. நடுவில் ஒரு வார்த்தை கூடியிருந்தது.

சந்தைப் பேருந்து நிறுத்தம்.

மறுநாள் காலை பஸ் நிற்கவில்லை. வேகத்தைக் கொஞ்சம் குறைத்தது. ஓட்டுநர் அரிகரன் போர்டை எட்டிப் பார்த்தார். போய்விட்டது. அடுத்த பஸ்ஸும் அப்படியே போனது. படியில் தொங்கிக்கொண்டிருந்த கண்டக்டரைப் பார்த்துச் சிந்தாமணி கையை ஆட்டினாள்.

"நிறுத்துப்பா! நிறுத்து!"

"நிறுத்திட்டாங்கக்கா! போர்டப் பாக்கலியா?"

பேருந்து நிறுத்தம் என்பது காலங்காலமாக எல்லாரும் படித்து வந்த வார்த்தைதான். அதைப் பார்த்து ஒரு பஸ்ஸும் பயந்தது இல்லை. ஆனால் ஒரு சந்தையையே நிறுத்திய போர்டு, பஸ்ஸை மட்டும் சும்மா விடும் என்று எந்த டிரைவர் நம்புவார்? வேலைக்கு உலை வைத்துக்கொள்ள யாருக்கு மனசு வரும்? முகமையின் போக்குவரத்துப் பிரிவில் கேட்டார்களாம். 'சந்தைப் பேருந்து நிறுத்தம் பரிசீலனையில் உள்ளது' என்று பதில் வந்ததாம். அதற்கு மேல் என்ன வேண்டும்?

அரசு ஆட்டோவில் சாய்ந்துகொண்டு சொன்னான்: "நிறுத்தம்ங்கற வார்த்த அது பாட்டுக்கு நல்லா இருந்துச்சு. நீங்க ரெண்டு பேரும் போயி விசாரிச்சிட்டு வந்தீங்க, கெட்டுப்போச்சு."

"நான் போவல. இவ போனா, நான் காவலுக்குப் போனேன்," என்றாள் சின்னப்பிள்ளை.

சிந்தாமணி சாக்கை விலக்கிப் பார்த்தாள். கூடையில் மீன் கண் மங்கிக்கொண்டிருந்தது. வண்டிக்கார வியாபாரி அவசரமே இல்லாமல் வந்து பக்கத்தில் குந்தினான்.

பிறகு ஒரு நாள் முகமையின் வேன் வந்தது. மக்கள் கருத்துக் கேட்புக் கூட்டம், ஏறுங்கள் என்றார்கள். ஏறினார்கள். வேன் கரும்புக் கொல்லைக்கு நடுவில் போய் நின்றது. எட்ட இருந்து பார்த்தால் கப்பல் தரை தட்டினது போல ஒரு கட்டடம். உள்ளே போனதும் தானாக ஓடும் படிக்கட்டு, ஓடாமல் நின்றது. சுவரெல்லாம் கண்ணாடி. ஒரு மூலையில் பளிங்கு மேடை. மேலே 'கடல்சார் உணவு அனுபவ மண்டலம்' என்று எழுதியிருந்தது.

"இதுலதான் உனக்கு எடமாம்," என்று சின்னப்பிள்ளை கிசுகிசுத்தாள். "தரை வழுக்குது. பாத்து நட. கையெழுத்து கேட்டா போடாத."

"நீயும் போடாத."

"நீ போடலன்னா நான் போட மாட்டேன்."

"நீ மொதல்ல போடாம இரு. நான் பாத்துக்கினு இருக்கேன்."

மேடையில் தலைமைத் திட்ட இயக்குநர் மணவாளன் எழுந்தார். முன் வரிசைகளில் முகமை ஊழியர்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் முன்கூட்டியே கைதட்டினார்கள்.

"அன்பார்ந்த பயனாளிகளே! ஆள் நடமாட்டமே இல்லாத இடத்தில் ஏன் இவ்வளவு பெரிய மையம் என்று சிலர் கேட்கிறார்கள். நான் சொல்கிறேன். மக்கள் இல்லாத இடத்தில்தான் நிம்மதியாகத் திட்டமிட முடியும். மக்கள் இருக்கிற இடத்தில் அவர்களே ஏதாவது ஓர் ஏற்பாடு செய்துகொண்டு விடுகிறார்கள். பிறகு நாங்கள் எதற்கு?"

கைதட்டல்.

"நாங்கள் சும்மா இருக்கவில்லை. கடல் கடந்து போய்ப் பல நாட்டுச் சந்தைகளைப் பார்த்தோம். அங்கே மக்கள் பேருந்தை விட்டு இறங்குகிறார்கள். இறங்கிய இடத்திலேயே மீன் வாங்குகிறார்கள். காய் வாங்குகிறார்கள். வீட்டுக்குப் போகிறார்கள். எவ்வளவு எளிமை! அசந்து போனோம். அந்த அற்புதத்தை நம் மண்ணுக்கும் கொண்டு வந்தே தீருவது என்று அங்கேயே சபதம் எடுத்தோம். அதற்கு முதல் படியாகத்தான் கூட்ரோட்டில் மீனும் காயும் விற்பதை ஒழுங்குபடுத்தினோம்."

பெரிய கைதட்டல். சிந்தாமணி பக்கத்தில் குனிந்து கேட்டாள்: "இன்னாமே சொல்றான்? நாம பண்ணதத்தான போயி பாத்துட்டு வந்துருக்கான்?"

"சும்மா இரு. படம் எடுக்கறாங்க."

"இந்த நேரத்தில் ஒருவருக்கு நன்றி சொல்ல வேண்டும்," என்றார் மணவாளன். "ஆலடி கூட்ரோட்டில் இவ்வளவு மக்கள் இறங்குகிறார்கள் என்ற விவரம் எங்கள் வரைபடத்தில் இல்லை. நேரில் வந்து அதை எங்களுக்குத் தெரிவித்தவர் பனித்திட்டைச் சேர்ந்த சிந்தாமணி அம்மாள். வாங்குவதற்கு எதுவுமே இல்லாத இடத்தில் இத்தனை பேர் இறங்குகிறார்கள் என்றால், அங்கே ஒரு பெரிய கடை வைத்தால் எத்தனை பேர் இறங்குவார்கள்! அந்த இடம் ஒரு தனியார் நிறுவனத்துக்கு வழங்கப்பட்டுவிட்டது. எல்லாம் கிடைக்கும். மீனும் உண்டு, கண்ணாடிப் பெட்டிக்குள்."

சின்னப்பிள்ளை மெல்லத் திரும்பிப் பார்த்தாள்.

"அப்பவே சொன்னேன்ல. நீதான்."

"ஏய், சத்தியமா நான் அதுக்குச் சொல்லலடி..."

"எதுக்குச் சொன்னியோ. சொன்னியா இல்லியா?"

சிந்தாமணி முகத்தைத் திருப்பி மேடையைப் பார்த்தாள்.

"பேருந்துகள் இனி அந்தக் கடையின் வளாகத்துக்குள்ளேயே போய் நிற்கும்," என்று தொடர்ந்தார் இயக்குநர். "தூய்மை கருதி, கூடை, மூட்டை, ஈரப் பொருள் ஆகியவற்றோடு வருபவர்கள் அங்கே இறங்க அனுமதி இல்லை. அவர்களுக்காகத்தான் இந்த மையம்."

"இங்க பஸ் வருமா சார்?" என்று பின்னாலிருந்து அரசு கத்தினான்.

"பரிசீலனையில் உள்ளது."

கைதட்டல். பக்கிரி வாசலில் நின்று, கைதட்டலுக்கு ஈடாக ஒரு முறை விசில் ஊதினான். கலைவேந்தன் மைக்கை எடுத்துக்கொண்டு வரிசை வரிசையாக நடந்து சிந்தாமணியிடம் வந்தார். சிரித்த முகம்.

"அம்மா, உங்கள் கருத்து. சுருக்கமாக, நன்றி என்று முடித்தால் போதும்."

படம் எடுக்கிறவர் முன்னால் வந்து குந்தினார். சிந்தாமணி எழுந்து, முந்தானையை இழுத்துச் செருகி, மைக்கைப் பிடித்தாள். பளிங்கு மேடையைப் பார்த்தாள். கண்ணாடிச் சுவருக்கு வெளியே கண்ணுக்கெட்டிய வரை கரும்பு அறுத்த அடிக்கட்டை கிடந்தது. மேடையில் இருந்த எல்லாரும் அவளையே பார்த்துத் தலையாட்டத் தயாராக இருந்தார்கள்.

"சார், நாளைக்குக் காலையில என் மவன் மீனோட கரைக்கு வந்துருவான். கூடயத் தூக்கிக்கினு நானும் பஸ் ஏறிருவேன். எங்க எறங்கறதுன்னு மட்டும் சொல்லுங்க."